ஒட்டாத வெள்ளை!

"இது தொட்டா ஒட்டிக்குமா?"

எட்டு வருடங்களுக்கு முன், அந்த அழகு நிலையத்தில் வேலைக்குச் சேர்ந்த முதல் நாள், மேக்கப் அக்கா அவளிடம் கேட்ட முதல் கேள்வி அது.

வா என்றில்லை. உட்கார் என்றில்லை. அதுதான்!

அவளுடைய இடது கண்ணைச் சுற்றி ஒரு வெள்ளைத் திட்டு. பாதிப் புருவத்தையும் இமை முடியையும் வெளுக்க வைத்துவிட்டு, காதோரம் வரை வால் நீட்டிக்கொண்டு கிடந்தது.

"ஒட்டாதுக்கா. டாக்டர் எழுதியே குடுத்திருக்கார். காட்டட்டுமா?"

"அதெதுக்கு? மூஞ்சியிலயே ஒரு தேசத்தோட மேப்பு வரைஞ்சு வச்சிருக்கியே... அது போதும்!"

கடையே சிரித்தது. அன்றிலிருந்து அவள் மேப்பு.

மேப்புக்குப் பின்னறை வேலை. துண்டு துவைப்பது, தலைச்சாயம் கரைப்பது, மேக்கப்புக்கு ஷேடு கலக்குவது. எந்த மணப்பெண்ணின் தோலையும் ஒரு முறை பார்த்தால் போதும்... அச்சு அசலாக அந்த நிறத்தைக் கிண்ணத்தில் கொண்டுவந்துவிடுவாள். ஆனால் அந்த மணப்பெண் முன்னால் மட்டும் போய் நிற்கக் கூடாது!

பெரிய இடத்து வாடிக்கையாளர்கள் வந்தால், மேக்கப் அக்கா அவளை ஸ்டூலில் உட்கார வைத்து, எதிரே நின்று, அந்த வெள்ளையை மூடுவாள்.

"அசையாதேடி மேப்பு. இந்த ஓரத்துல எறும்பு கடிச்ச மாதிரி ஒரு பள்ளம் இருக்கு பாரு... கண்ணை மூடிக்கிட்டே வரைஞ்சிடுவேன் உன் மேப்பை!"

மேக்கப் அக்கா தன் முகத்துக்கு மட்டும் எதுவும் பூசிக்கொள்ள மாட்டாள். கேட்டால், "நாள் பூரா அடுத்தவளுக்குப் பெயின்ட் அடிச்சிட்டு, எனக்கு வேற அடிச்சுக்கணுமா?" என்பாள்.

இதெல்லாம் பழைய கதை.

இன்றைய கதை, ஷட்டரை யாரோ படபடவென்று தட்டியதில் ஆரம்பித்தது!

* * *

வார விடுமுறை. பகல் இரண்டு மணி. கடையில் மேப்பு மட்டும். அரைகுறையாக இறக்கிய ஷட்டருக்குப் பின்னால், காலையிலிருந்து துண்டு துவைத்துக்கொண்டிருந்தாள்.

ஷட்டருக்கு அடியில் குனிந்து நுழைந்தார் இன்ஸ்பெக்டர். பின்னாலேயே ஏட்டம்மா.

இன்ஸ்பெக்டர் நிமிர்ந்தார். அவள் முகத்தைப் பார்த்தார்.

விசாரணை முடிந்துவிட்டது!

"இதோ நிக்கறாளே! ஏறு வண்டியில!"

"எதுக்கு சார்?"

"எதுக்கா? உங்க முதலாளியம்மா செத்துக் கிடக்கறாங்க. சொந்த ஃப்ளாட்ல. ஹேர் ட்ரையர் வயர் கழுத்துல சுத்தியிருக்கு. நீ சுத்தினது!"

அவள் கையிலிருந்த ஈரத் துண்டு நழுவித் தரையில் விழுந்தது.

முதலாளியம்மா... நேற்று மாலைகூட, "அடுத்த மாசத்துலேர்ந்து நீ முன்னாடி வந்து நில்லு. எவ என்ன சொல்றான்னு நான் பார்த்துக்கறேன்" என்று சொன்ன முதலாளியம்மா!

அழுவதற்குள் வண்டிக் கதவு சாத்தப்பட்டது.

* * *

ஸ்டேஷனில் ஒரு மேஜை. மேஜை மேல் அவளுடைய அடையாள அட்டை. பக்கத்தில் கவிழ்த்து வைக்கப்பட்ட ஒரு போட்டோ.

மேஜைக்கு அந்தப் பக்கம், முதலாளியம்மாவின் அடுக்குமாடிக் காவலாளி. அவளைப் பார்த்ததும் துள்ளி எழுந்தார்.

"இவங்கதான் சார்! வாரா வாரம் கடைச் சாவி குடுக்க வர்றவங்க. இன்னிக்கும் வந்தாங்க. பன்னெண்டு பத்துக்கு லிஃப்ட்ல ஏறினாங்க. ஆயிரம் பேர் நடுவுல நிறுத்துங்க, நான் கண்டுபிடிச்சிடுவேன்!"

"அப்படியா?" என்றாள் மேப்பு. குரல் நடுங்கியது. பயத்தில் இல்லை. "வந்தவ மூக்கு எப்படி இருந்துச்சு?"

"மூக்கா? மாஸ்க் போட்டிருந்தீங்களே..."

"வாய்?"

"அதான் மாஸ்க்கு..."

"தலைமுடி?"

"கடைத் தொப்பிக்குள்ள..."

"அப்ப எதைப் பார்த்தீங்க?"

காவலாளி இன்ஸ்பெக்டரைப் பார்த்தார். "அந்த... வெள்ளையைத்தான் சார். வேற யாருக்கு இருக்கு?"

வேறு யாருக்கு இருக்கிறதா!

போன மாதம் பஸ்ஸில் ஒருவர், "டீச்சர், வணக்கம்! என் பையன் எப்படிப் படிக்கறான்?" என்றார். அதற்கு முந்தின மாதம் ஒரு பெண், "என் கல்யாணத்துக்கு ஏன்டி வரல?" என்று நடுத்தெருவில் சட்டையைப் பிடித்தாள். ஒரு வெள்ளைத் திட்டு இருந்தால் போதும். ஊரில் அது உள்ளவர்கள் எல்லாரும் ஒருத்தியே!

அதற்கெல்லாம் சிரித்துக்கொண்டே விலகிப் போய்ப் பழகிவிட்டது. இன்று விலகிப் போனால் நேரே தூக்குக் கயிறு.

"நான் பூரா நேரமும் கடையில துண்டு துவைச்சிட்டிருந்தேன் சார்!"

"யார் பார்த்தா?"

"யாரும் இல்ல. லீவு நாள். மேக்கப் அக்காதான் நேத்து சொன்னாங்க, எல்லாத் துண்டையும் இன்னிக்கே துவைச்சிடுன்னு."

"அவங்களையும் கூப்பிட்டிருக்கேன். பக்கத்து ரூம்ல உக்காந்து அழுதுட்டிருக்காங்க. உன்னை மாதிரி இல்ல, கண்ணுல தண்ணி வருது அவங்களுக்கு!" இன்ஸ்பெக்டர் ஒரு தாளை எடுத்தார். "உங்க முதலாளியம்மா சாகறதுக்கு முன்னாடி எங்களுக்கு ஒரு புகார் எழுத ஆரம்பிச்சிருக்காங்க. கேளு. 'எங்கள் கடையில் ஒருத்தி கள்ளத்தனமாக வெளுப்பு க்ரீம் கலக்கி விற்கிறாள். அதைப் பூசிய ஒரு பெண்ணின் முகம் வெந்துபோய்விட்டது. அவளைப் பற்றி...' அவ்வளவுதான். பேரை எழுதறதுக்குள்ள ஆளை முடிச்சாச்சு. கடையில கலக்கற வேலை யாரோடது?"

"என்னோடது."

"அப்புறம் என்ன?"

"வெளுப்பு க்ரீமா? நானா?" அவள் தன் முகத்தை அவர் பக்கம் நீட்டினாள். "எனக்கு இருக்கற வெளுப்பு பத்தாதா சார்?"

மூலையில் ஏட்டம்மா இருமினார். சிரிப்பை மறைக்கிற இருமல்.

இன்ஸ்பெக்டர் முறைத்தார். அப்போது வாசலில் செருப்புச் சத்தம்.

அண்ணன்!

* * *

அவளுக்குப் பாதி உயிர் திரும்பி வந்தது. அப்பா அம்மா போன பிறகு ஒரே கூரையின் கீழ் இருக்கிற ஒரே இரத்தம். முப்பது வருடமாக இந்த முகத்தை எதிரே உட்கார்ந்து பார்த்துச் சாப்பிடுகிறவன்.

"அண்ணா! நீ சொல்லுண்ணா இவங்ககிட்ட!"

இன்ஸ்பெக்டர் கவிழ்த்து வைத்திருந்த போட்டோவை எடுத்து அவனிடம் மட்டும் காட்டினார். "லிஃப்ட் கேமராவுல விழுந்தது. யாரு இது?"

அண்ணன் பார்த்தான்.

எவ்வளவு நேரம்? ஒரு தும்மல் போடுகிற நேரம்.

"என் தங்கச்சிதான் சார்..."



அண்ணன் அவள் பக்கம் திரும்பினான். "ஏன்டி இப்படிப் பண்ணின? அந்தம்மா உனக்கு என்னடி குறை வச்சாங்க? எனக்கும் ஒரு குடும்பம் இருக்குன்னு நெனச்சுப் பார்த்தியா?"

அவளுக்குள் ஏதோ ஒன்று பட்டென்று அறுந்தது.

"அந்த போட்டோவை இங்க குடுங்க."

"ஏய், சத்தம் போடாதே..."

"குடுங்க சார்! காவலாளிக்குக் காட்டினீங்க, எங்க அண்ணனுக்குக் காட்டினீங்க. தூக்குல போடப் போறது என்னைத்தானே? எனக்குக் காட்டினீங்களா?"

இன்ஸ்பெக்டர் அசையவில்லை. ஏட்டம்மாதான் எழுந்து வந்து, போட்டோவை எடுத்து அவள் முன்னால் வைத்தார்.

"பாரும்மா. தொடாம பாரு."

மேப்பு குனிந்தாள்.

கடையின் ஊதா நிறக் கோட். கடைத் தொப்பி. மாஸ்க். கண்ணைச் சுற்றி வெள்ளை. வெளுத்த பாதிப் புருவம். எறும்பு கடித்த பள்ளம். காதோரம் வரை நீண்ட வால்.



அது... அவளேதான்!

தினமும் காலையில் பல் தேய்க்கும்போது கண்ணாடியில் பார்க்கிற அதே முகம். இம்மி பிசகவில்லை. ஒரு கணம் அவளுக்கே சந்தேகம் வந்தது. நான் போனேனோ? போய்விட்டு மறந்துவிட்டேனோ?

கண்ணாடியில் பார்க்கிற அதே முகம்...

கண்ணாடியில்...

அவள் மெல்ல நிமிர்ந்தாள். பிறகு சிரித்தாள். அந்தச் சிரிப்பைக் கேட்டுக் காவலாளி இரண்டடி பின்னால் போனார்.

"சார், எவ்வளவு நேரமா என் மூஞ்சியைப் பார்த்துட்டிருக்கீங்க?"

"ஒரு மணி நேரமா. எதுக்கு?"

அவள் இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டாள். விரல் இடுக்குகூட இல்லாமல்.

"வெள்ளை எந்தக் கண்ணுல இருக்கு? சொல்லுங்க!"



"என்ன விளையாட்டு இது?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"ஆயிரம் பேர் நடுவுல கண்டுபிடிப்பேன்னாரே, அவரு சொல்லட்டும்!"

காவலாளி வாயைத் திறந்தார். மூடினார். "வெள்ளைன்னா... அது வந்து... ஒரு கண்ணுல இருக்கும்மா."

"சார், நீங்க?"

"வலது..." என்றார் இன்ஸ்பெக்டர். "இரு... இல்ல, இடது..."

"அண்ணா?"

அண்ணன் தயங்கவே இல்லை. "வலது கண்ணுடி. எனக்குத் தெரியாதா?"

கைகளுக்குள் அவள் கண்கள் எரிந்தன. முப்பது வருடம்!

"இடது," என்றது மூலையிலிருந்து ஒரு குரல். ஏட்டம்மா! "இடது கண்ணு. வண்டியில என் பக்கத்துல உக்காந்திருந்தப்போ பார்த்தேன்."

மேப்பு கைகளை எடுத்தாள்.

இடது கண்!

"இப்ப என் அடையாள அட்டையை அந்த போட்டோ பக்கத்துல வைங்க."

வைத்தார்கள். இரண்டு போட்டோக்கள். இரண்டு வெள்ளைகள். அட்டையில் ஒரு பக்கம்... லிஃப்டில் மறு பக்கம்! இரண்டும் ஒன்றையொன்று முறைத்துக்கொண்டிருந்தன.

அண்ணனின் முகம் வெளுத்தது. அவனுக்கும் இப்போது திட்டுத் திட்டாக!

"லிஃப்ட்ல போனவளுக்கு வலது கண்ணுல வெள்ளை சார். என்னைக் கண்ணாடியில பார்த்தா எப்படித் தெரிவேனோ, அப்படி இருக்கா அவ. அதான் எனக்கே அது நான்தான்னு தோணுச்சு. நான் என்னைக் கண்ணாடியில மட்டும்தானே பார்த்திருக்கேன்! நீங்கல்லாம் நேர்ல பார்க்கறீங்களே... உங்களுக்கு என்ன கேடு?"

"கேமரா படத்தைத் திருப்பிக் காட்டியிருக்கும்," என்றார் இன்ஸ்பெக்டர். குரலில் பழைய கனம் இல்லை.

"கோட் பாக்கெட்டைப் பாருங்க சார். கடைப் பேரு நேரா இருக்கா, இடம் வலமா மாறியிருக்கா? படத்தைத் திருப்பினா எழுத்தும் திரும்பியிருக்குமே!"

இன்ஸ்பெக்டர் மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார். எழுத்துகள் நேராக, அழகாக, கடையின் பேரைச் சொல்லிக்கொண்டிருந்தன.

ஏட்டம்மா தணிந்த குரலில் கேட்டார். "அப்படின்னா... யாரோ வரைஞ்சிருக்காங்களா?"

"ஆமா. வெள்ளையைக் காட்டினா போதும், அதுக்கப்புறம் ஒருத்தரும் மூஞ்சியைப் பார்க்க மாட்டாங்கன்னு நல்லாத் தெரிஞ்சவங்க." அவள் பல்லைக் கடித்தாள். "பக்கத்து ரூம்ல அழுதுட்டிருக்காங்களே... அவங்களைக் கூப்பிடுங்க."

* * *

மேக்கப் அக்கா கைக்குட்டையால் மூக்கைத் துடைத்தபடி வந்தாள். மேப்பைப் பார்த்ததும் விசும்பல் கூடியது.

"பாவி! அந்தம்மா கையால எவ்வளவு சாப்பிட்டிருப்ப! உனக்கு எப்படிடி மனசு வந்துச்சு, மேப்பு?"

"மேப்பைப் பத்தித்தான் பேசிட்டிருக்கோம்க்கா. உக்காருங்க."

மேக்கப் அக்கா உட்கார்ந்தாள். மேஜை மேல் இருந்த இரண்டு போட்டோக்களையும் பார்த்தாள்.

விசும்பல் நின்றது!

"எட்டு வருஷமா எனக்கு எதிர்ல நின்னு இந்த வெள்ளையை மூடினீங்க," என்றாள் மேப்பு. "எதிர்ல நிக்கறவங்களுக்கு இது எந்தக் கைப் பக்கம் வரும்? வலது கைப் பக்கம். உங்க கை அப்படியே பழகிடுச்சு. இன்னிக்குக் கண்ணாடி முன்னாடி உக்காந்தீங்க. கண்ணாடியில தெரிஞ்ச மூஞ்சியை எதிர்ல உக்காந்திருக்கற வாடிக்கையாளர்னு நெனச்சு, பழக்கதோஷத்துல வலது கைப் பக்கமே வரைஞ்சிட்டீங்க. கண்ணாடியில வலது கைப் பக்கம் இருக்கறது உங்களோட வலது கண்ணுக்கா! தனக்குத் தானே ஒரு நாளாவது மேக்கப் போட்டுப் பழகியிருந்தா இந்தத் தப்பு வந்திருக்காது."

"சார், இவ என்னென்னவோ உளர்றா! போட்டோவுல இருக்கற அந்தப் பள்ளம், வாலு எல்லாம் இவளோடதுதான்..."

"பள்ளமா?" ஏட்டம்மா முன்னால் வந்தார். "நீங்க இப்பதானே போட்டோவை உக்காந்த இடத்துலேர்ந்து பார்த்தீங்க? எனக்கே குனிஞ்சு பார்த்தாத்தான் பள்ளம் தெரியுது."



"ஏட்டம்மா," என்றாள் மேப்பு. "உங்ககிட்ட தலைக்கு வைக்கற எண்ணெய் இருக்கா?"

"பையில ஒரு சின்ன பாட்டில் இருக்கு. ஏன்?"

"அவங்க போடறது தண்ணி பட்டாப் போகாத மேக்கப். எண்ணெய் போட்டாத்தான் போகும். அவசரத்துல கழுவினவங்க காதோரத்து முடிக்குள்ள கழுவியிருக்க மாட்டாங்க."

மேக்கப் அக்கா எழுந்தாள். இன்ஸ்பெக்டரின் கை அவள் தோளில் விழுந்தது. உட்கார்ந்தாள்.

ஏட்டம்மா கைக்குட்டையில் எண்ணெயைச் சாய்த்தார். வலது காதோரம், முடி ஆரம்பிக்கிற இடத்தில் அழுத்தித் துடைத்தார். கைக்குட்டையை விரித்தார்.

வெள்ளை!

பட்டாணி அளவு. ஆனால் பளிச்சென்று!

மேப்பு அந்தக் கைக்குட்டையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த நிறம்... அவளுக்குத் தெரியாத நிறமா?

"நான் கலக்கின ஷேடு இது," என்றாள். "நேத்து சாயங்காலம், 'ஒரு வெள்ளைக்காரப் பொண்ணுக்கு மேக்கப். உன் மேப்பு கலர்லயே கலக்கிக் குடு'ன்னு கேட்டீங்க. கண்ணாடியைப் பார்த்துப் பார்த்துக் கலக்கினேன். நல்லா வந்திருக்குன்னு பாராட்டினீங்களேக்கா..."

மேக்கப் அக்காவின் முகத்திலிருந்த அழுகை எல்லாம் கழுவினாற்போல் போய்விட்டது. அதற்கு எண்ணெய்கூடத் தேவைப்படவில்லை.

"அந்தம்மா போலீஸுக்குப் போறேன்னுச்சு," என்றாள். "இருபது வருஷத்துப் பேரு எனக்கு. ஒருத்திக்கு மூஞ்சி வெந்துச்சுன்னா... எல்லாத்தையும் விட்டுட்டுப் போகணுமா? என் இடத்துல உன்னை... உன்னைப் போய் நிறுத்தறேன்னுச்சு! இந்த மூஞ்சியை!"

"அந்த மூஞ்சியைத்தானே மாட்டிக்கிட்டுப் போனீங்க!"

இன்ஸ்பெக்டர் விலங்கை எடுத்தார். கிளிக்.

வாசல் வரை போன மேக்கப் அக்காவை மேப்பு கூப்பிட்டாள்.

"அக்கா! முதல் நாள் ஒண்ணு கேட்டீங்களே... இது தொட்டா ஒட்டிக்குமான்னு?"

மேக்கப் அக்கா திரும்பவில்லை.

"எட்டு வருஷம் தொட்டீங்க. ஒட்டல. ஒரே ஒரு பகல் என்னை மாதிரி இருக்கணும்னு நெனச்சீங்க... இனிமே ஆயுசுக்கும் கழுவ முடியாதுக்கா!"

* * *

இன்ஸ்பெக்டர் தொண்டையைச் செருமினார். "தப்பா நெனச்சுக்காதேம்மா. எங்க மேலயும் தப்பு சொல்ல முடியாது. அடையாளம்னு பார்த்தா..."

"முடியும் சார்," என்றாள் மேப்பு. "நல்லாவே சொல்ல முடியும்."

ஏட்டம்மா அவளுடைய அடையாள அட்டையைக் கையில் கொடுத்து, தோளை ஒரு முறை அழுத்தினார். "போய்ட்டு வா. ஒரு நாள் கடைக்கு வர்றேன்... எனக்கும் ஒரு ஷேடு கலக்கிக் குடு."

வெளியே வெயில் இன்னும் இறங்கவில்லை. கேட்டுக்குப் பக்கத்தில் அண்ணன் ஸ்கூட்டரில் உட்கார்ந்திருந்தான்.

"வாடி, ஏறு. நடந்தது நடந்துபோச்சு. அந்தத் தொப்பி, மாஸ்க்கெல்லாம் போட்டிருந்தா யாருக்குத்தான் தெரியும்? நம்ம அம்மாவே வந்து பார்த்திருந்தாலும்..."

அவள் அவன் முன்னால் நின்றாள். முகத்தை நேராக, முழுசாக, வெயிலில் காட்டிக்கொண்டு நின்றாள்.

அவன் சாவியைத் தேடிக்கொண்டிருந்தான்.

"என்ன நிக்கறே? அண்ணி தனியா பயந்துட்டு இருக்கா. சீக்கிரம் ஏறு."

அவள் ஏறவில்லை. ஸ்கூட்டரைச் சுற்றிக்கொண்டு நடந்தாள். கேட்டைத் தாண்டினாள். தெருவில் இறங்கினாள்.

"ஏய்! எங்கடி போறே? நில்லு! உன்னைத்தான்டி!"

அவள் திரும்பிக்கூடப் பார்க்காமல், தெருமுனையில் திரும்பி மறைந்தாள்.

அண்ணன் இன்னும் கத்திக்கொண்டிருந்தான்.

பாவம்... ஆள் மாறிக் கூப்பிடுகிறான் போலிருக்கிறது!